ஏழு தரம் உலகைச் சுற்றியவன்

அந்த ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கே பவளம் நண்டு உடைக்கத் தொடங்கிவிட்டாள். மார்ச் மாதம். வுப்பர்டாலில் மூன்று நாளாக விடாத தூறல். நாலாம் மாடிக் குசினி யன்னலுக்குக் கீழே, ஆற்றுக்கு மேலாகத் தொங்கு ரயில் சிணுங்கிக்கொண்டு போவதும் வருவதுமாக இருந்தது. முதல்நாளே ஊறப்போட்டிருந்த ஒடியல் மா, காய்ந்த பனங்கிழங்கை இடித்த மா, சட்டியின் அடியில் படிந்து கிடந்தது. மேல் தண்ணீரை ஊற்றிவிட்டு மாவை விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள். காறல் போயிருந்தது.

முதியோர் இல்லத்துச் சமையலறையில் அவளுக்கு இருபத்திரண்டு வருச வேலை. நூற்றிருபது பேருக்கு உருளைக்கிழங்கு அவித்து, நூற்றிருபது பேருக்கு உப்பில்லாத சூப் வைத்துப் பழகிய கை. ஆனால் இன்றைக்குக் கூழுக்குப் புளி விட்டுவிட்டு அந்தக் கை மூன்று தரம் ருசி பார்த்தது. இளைய மகன் கார்த்திகன் கட்டப்போகிற பெண் முதன்முதலாக வீட்டுக்குச் சாப்பிட வருகிறாள்.

பெண் பவளத்துக்குப் புதியவள் அல்ல. அதே முதியோர் இல்லத்தில் இரண்டாம் மாடித் தாதி. பெயர் லிந்தோய். இந்தியாவின் வடகிழக்கு மூலை, மணிப்பூர். மெய்தெய் என்கிற சனம். வேலை முடிந்து தாயை ஏற்றிக்கொண்டு போகிற சாட்டில் கார்த்திகன் ஒரு மணித்தியாலம் முந்தி வந்து நிற்கத் தொடங்கியபோதே பவளத்துக்கு விளங்கிவிட்டது. சண்டை பிடிக்கலாம் என்றுதான் நினைத்தாள். ஆனால் செத்துக்கொண்டிருந்த ஒரு ஜெர்மன் கிழவரின் கையைப் பிடித்துக்கொண்டு, வேலை முடிந்த பிறகும் அந்தப் பிள்ளை இரண்டு மணித்தியாலம் இருந்ததைக் கண்ட நாளிலிருந்து அவளுக்குச் சண்டை வரவில்லை.

கலியாணப் பதிவுக்கு ஏப்ரல் இருபத்திநாலு என்று நகரசபையில் நாள் குறித்துத் தெர்மின் எடுத்தாயிற்று. வீட்டில் இருந்த பிரச்சினை வேறு.

"அண்ணா வராட்டி நான் தெர்மினைத் தள்ளி வைப்பன்," என்று வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னான் கார்த்திகன். "நாலு மெசேஜ் போட்டிட்டன். பாத்திருக்கிறார். பதில் இல்லை."

"மெல்லக் கதை மோனை. அப்பாக்குக் கேட்கும்."

"கேக்கட்டும் அம்மா. ரெண்டு வருசமாச்சு."

இரண்டு வருசத்துக்கு முன்னர் பவளத்தின் புருசன் அரியரத்தினத்துக்கு நெஞ்சுச் சத்திரசிகிச்சை நடந்தது. அதற்கு முதல் அவர் ஒரு படிவம் எழுதினார். தான் பேச ஏலாமல் போனால் தனக்காக ஆர் பேசுவது, டொக்டர்மார் ஆருடைய சொல்லைக் கேட்பது என்று சொல்லுகிற வோல்மாக்ட். அதில் இளையவனின் பெயரை எழுதிவிட்டார். மூத்தவன் யோகேஷ் நாடு நாடாகப் போய்த் தொழிற்சாலைகளில் இயந்திரம் பூட்டுகிற வேலை. தகவல் கேட்டதும் பிரேசிலிலிருந்து இரண்டு விமானம் மாறி, இருபது மணித்தியாலம் நித்திரையில்லாமல் ஓடிவந்தான். ஆஸ்பத்திரி விறாந்தையில் டொக்டர் அவனிடம் பெயரைக் கேட்டு, தாளைப் பார்த்து, "மன்னிக்கவேணும், நான் உங்கள் தம்பியோடுதான் பேசலாம்" என்று சொல்லிவிட்டு மற்றப் பக்கம் திரும்பிவிட்டார். யோகேஷ் தகப்பன் கண் திறக்கும்வரை நின்றான். பிறகு பிராங்பேர்ட்டுக்குப் போனவன்தான். தாயின் பிறந்தநாளுக்கு மட்டும் போன் வரும்.

பன்னிரண்டு மணிக்கு லிந்தோய் நனைந்த குடையோடு வந்தாள். கையில் இறுக்கி மூடிய ஒரு டப்பா. திறந்ததுதான் தாமதம், வீடு முழுக்க ஒரு மணம் பாய்ந்தது. ஙாரி என்கிற புளித்த மீனும் அவித்த கிழங்கும் செத்தல் மிளகாயும் போட்டு மசித்த எரோம்பா.

"மேல்வீட்டு ஜெர்மன் மனுசி பொலிசுக்கு அடிப்பா," என்று கார்த்திகன் சிரித்தான்.

முன்னறையிலிருந்து அரியரத்தினம் மூக்கை உறிஞ்சிக்கொண்டு வந்தார். முப்பது வருசம் இரும்பு அராவுகிற தொழிற்சாலையில் நின்றவர். காது கொஞ்சம் மந்தம், அதனால் குரல் பெரிது. டப்பாவுக்குள் குனிந்து பார்த்தார். ஒரு விரலால் தொட்டு நக்கினார்.

"இஞ்சரும், இது எங்கட கருவாட்டுச் சம்பலுக்குத் தங்கச்சி! இந்தப் பிள்ளையைப் போய் ஆர் அந்நியம் எண்டது?"

"நீங்கள்தான் போன மாசம் சொன்னனீங்கள்," என்றாள் பவளம்.

"அது இந்த மணம் மூக்கில ஏறமுதல்."

கூழை சூப்புக் கோப்பைகளில் ஊற்றிக்கொண்டு குசினி மேசையைச் சுற்றி இருந்தார்கள். நண்டுக்கால், இறால், பயத்தங்காய், முருங்கையிலைக்குப் பதிலாகக் கீரை. லிந்தோய்க்கு மூக்கில் நீர் ஓடியது, கோப்பையை விடவில்லை. அவள் பேசியது ஜெர்மன். ஆனால் சொல்லும்போது கையும் கண்ணும் சேர்ந்து பேசியதால் பவளத்தின் காதுக்கு அது தமிழாகவே விழுந்தது.

"சரி பிள்ளை, உங்கட ஆக்கள் ஆர்? ராசாக்கள் இருந்தவையோ?" அரியரத்தினம் கேட்டார். அவருக்குத் தன் ஜெர்மனை அவிழ்த்துவிட ஒரு ஆள் கிடைத்துவிட்டது.

"இரண்டாயிரம் வருசமாக ராசாக்கள்," என்றாள் லிந்தோய். "முதல் ராசா பாக்கங்பா. காங்லா என்கிற கோட்டையில் இருந்து ஆண்டவர். விரும்பினால் மனிதராக இருப்பார். விரும்பினால் பாம்பாகிவிடுவார். வாலை வாயில் கவ்விக்கொண்டு வளையமாகக் கிடப்பார்."

"பாம்போ!" அரியரத்தினம் மேசையில் அடித்தார். கோப்பைகள் துள்ளின. "நான் நயினாதீவான் பிள்ளை! எங்கட தீவுக் கோயில் அம்மாளுக்குக் கடலால பூக் கொண்டுவந்தது ஆர்? பாம்பு! சொல்லும், சொல்லும். அந்தாள் எப்பிடி ராசாவானவர்?"

லிந்தோயின் முகம் மலர்ந்தது. எழுந்து நின்றாள். "அப்படியென்றால் நீங்கள் கதிரையை நடுவுக்குக் கொண்டுவர வேண்டும். நீங்கள்தான் ஆதித் தந்தை. உலகத்தைப் படைத்தவர். இது உங்கள் சிம்மாசனம்."

அரியரத்தினம் மறுபேச்சில்லாமல் கதிரையைக் குசினி நடுவுக்கு இழுத்துப்போட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். தோளில் கிடந்த கை துடைக்கிற துவாயைச் சால்வை மாதிரிச் சரிசெய்துகொண்டார்.

"உங்களுக்கு இரண்டு பிள்ளைகள். மூத்தவன் சனாமகி. இளையவன் பாக்கங்பா. ஒரே முடி. யாருக்குக் கொடுப்பது? நீங்கள் சொல்லுகிறீர்கள்: 'உலகத்தை ஏழு தரம் சுற்றிவிட்டு எவன் முதலில் என் சிம்மாசனத்தடிக்கு வருகிறானோ அவனுக்கே முடி.'"

"நியாயமான போட்டி," என்றார் ஆதித் தந்தை.

"சனாமகி பலசாலி. நீங்கள் சொல்லி வாய் மூடவில்லை, ஆள் பறந்துவிட்டான்!" லிந்தோயின் விரல் மேசையில் ஓடியது. நண்டுக் கோதுகள் மலையாயின. கூழ்ச்சட்டி பெரிய ஏரியாயிற்று. "ஒன்பது மலைத்தொடர். பனி. கீழே ஆறு. ஆற்றைத் தாண்டினால் காடு. ஒரு சுற்று! மூச்சு வாங்க நிற்கவில்லை. இரண்டாம் சுற்று!"

"ஓடடா, ஓடடா!" அரியரத்தினம் கதிரையின் நுனிக்கு வந்துவிட்டார். "இளையவன் எங்க நிக்கிறான்?"

"இளையவன் வீட்டு வாசலிலேயே நிற்கிறான்."

"விசரனோ?"

"மூன்றாம் சுற்று! நாலாம் சுற்று! சனாமகியின் கால் வெடித்து இரத்தம் வடிகிறது. இளையவன் இன்னும் வாசலில்தான்."

கார்த்திகன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். பவளமும் அகப்பையோடு வந்து கதிரைக்குப் பக்கத்தில் நின்றுவிட்டாள். அவளுக்கும் மூத்தவன் இப்போது எந்த மலையில் ஓடுகிறான் என்று பார்க்கவேண்டும்போல இருந்தது.

"அப்போது," லிந்தோய் குரலைத் தாழ்த்தினாள், "தாய் இளையவனைக் கூப்பிட்டாள். காதுக்குள் சொன்னாள். 'மகனே, தந்தைதானே உலகம். அவருடைய சிம்மாசனத்தை ஏழு தரம் சுற்று.'"

கார்த்திகன் எழும்பி, தகப்பனின் கதிரையைச் சுற்றி ஓடத் தொடங்கினான். ஒன்று, இரண்டு, மூன்று. அரியரத்தினம் கையைத் தட்டி எண்ணினார். "பொறு, பொறு! இது மாம்பழக் கதை! பிள்ளையார் கதையடா இது! அங்க மூத்தவர் தாய்தேப்பனைச் சுத்தினவர், இங்க இளையவன். ஐஞ்சு! ஆறு! ஏழு! கெட்டிக்காரன்! முடி உனக்குத்தான்!" துவாயை எடுத்துக் கார்த்திகனின் தலையில் போட்டார்.

எல்லோரும் சிரித்தார்கள், பவளத்தைத் தவிர. அவள் கையிலிருந்த அகப்பையிலிருந்து கூழ் நிலத்தில் சொட்டியது.

அந்தப் படிவத்தை எழுதிய நாளும் இதே குசினிதான், இதே மேசைதான். அரியரத்தினம் பேனாவைப் பிடித்துக்கொண்டு, "மூத்தவன்ர பேரைப் போடுவம், அதுதானே முறை" என்றார். பவளம்தான் சொன்னாள். "அவன் எந்த நாட்டில நிப்பானோ ஆருக்குத் தெரியும். சின்னவன் கிட்ட நிக்கிறான். அவன்ர பேரைப் போடுங்கோ. யோகேசுக்கு நான் பக்குவமாச் சொல்லுறன்." இன்று சொல்வோம், நாளைக்குச் சொல்வோம் என்று அவள் சொல்லாமலே விட்டாள். ஆஸ்பத்திரியில் டொக்டர் சொன்னார்.

"பிறகு?" கார்த்திகன் துவாயைத் தலையிலிருந்து எடுத்துவிட்டான். அவனுடைய சிரிப்பும் குறைந்திருந்தது.

"பிறகு சனாமகி வந்தான். ஏழு சுற்றும் முடித்து, தூசியும் இரத்தமுமாக. சிம்மாசனத்தில் தம்பி இருக்கிறான்."

"போதும் பிள்ளை," என்றாள் பவளம். "கூழ் ஆறுது. மிச்சத்தைப் பிறகு கேப்பம்."

லிந்தோய் தடுமாறிப்போய் ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தாள். மூத்தவன் ஒருவன் இருக்கிறான், வீட்டுக்கு வருவதில்லை என்பது மட்டும்தான் அவளுக்குத் தெரியும். ஏன் என்று கார்த்திகன் சொன்னதில்லை.

"விடுமப்பா," என்று பவளத்திடம் சொன்னார் அரியரத்தினம். அவருடைய குரல் வழக்கத்துக்கு மாறாகச் சின்னதாக இருந்தது. "சொல்லட்டும். மூத்தவன் என்ன செய்தான்?"

"தம்பியைக் கொல்லத் துரத்தினான். உலகமே அழிந்துபோகும் என்கிற மாதிரிக் கோபம். அப்போது தந்தை இறங்கி அவனிடம் போனார்."

"ஆர் போனது? தகப்பனோ?"

"தந்தைதான். போய்ச் சொன்னார், 'தம்பி நாட்டுக்கு ராசா. நீ வீடுகளுக்கு ராசா. ஒவ்வொரு வீட்டிலும் உனக்கு ஒரு மூலை இருக்கும்.' எங்கள் ஊரில் எந்த வீட்டுக்குப் போனாலும் தென்மேற்கு மூலை சனாமகியுடையது. அம்மா காலையில் முதல் பூவை அங்கேதான் வைப்பாள். அரண்மனையில் ராசாவும் அந்த மூலையில் குனிந்து கும்பிடத்தான் வேண்டும்."



"எங்கட கதையில," என்று மெதுவாகத் தொடங்கினார் அரியரத்தினம், "கோவிச்சவன் மலைக்குப் போறான். இண்டைக்கும் மலையிலதான் நிக்கிறான். நாங்கள் படியேறிப் போய்க் கும்பிடுறம். உங்கட கதையில கோவிச்சவன் வீட்டுக்குள்ள வாறான்." கொஞ்ச நேரம் தாடையைத் தடவினார். சட்டென்று நிமிர்ந்தார். "பிள்ளை, ஒண்டு கேக்கிறன். அவன் ஏழு தரம் சுத்தினவனல்லோ? மலை, ஆறு, காடு எல்லாம் பாத்தவன். என்ன கண்டவனாம்?"

லிந்தோய் யோசித்தாள். "தெரியாது. யாரும் கேட்டதாகக் கதையில் இல்லை."

"கேக்கேல்லை," என்றார் அவர். "நானும் கேக்கேல்லை. பத்து வருசமா அந்தப் பொடியன் உலகத்தைச் சுத்துறான். 'போ, உலகத்தைப் பார்' எண்டு அனுப்பினதும் நான்தான். என்னத்தைக் கண்டனீ எண்டு ஒருநாள் கேட்டனானோ? சாப்பிட்டியோ, எப்ப வாறாய், இவ்வளவுதான்." அவர் எழும்பிவிட்டார். "கார்த்திகன், காரை எடு."

"எங்கயப்பா?"

"பிராங்பேர்ட்டுக்கு. வேற எங்க?"

"அண்ணா வீட்டில நிக்கிறாரோ தெரியாது. போன் அடிச்சிட்டு..."

"அடிச்சால் வரவேண்டாமெண்டு சொல்லுவான். நிண்டால் நிக்கட்டும். இல்லாட்டிப் படியில இருப்பம். இஞ்சரும், கூழைக் கட்டும்!"

பிறகு வீட்டில் நடந்தது ஒரு கலவரம். சப்பாத்தைத் தேடுகிற சத்தம், அரியரத்தினத்தின் கைத்தடியைத் தேடுகிற சத்தம், மருந்துப் பெட்டியைத் தேடுகிற சத்தம். கூழ்ச்சட்டி காரில் சிந்துமே என்று பவளம் ஒரு நிமிடம் யோசித்தாள். பிரஷர் குக்கருக்குள் ஊற்றி, மூடியைத் திருகிப் பூட்டினாள். அதை ஒரு கம்பளத்தால் சுற்றி, மடியில் வைத்துக்கொண்டு காரின் பின்சீட்டில் ஏறினாள். பக்கத்தில் லிந்தோய். மணி ஒன்றரை.

கெல்ன் தாண்டும்வரை கார்த்திகன் நடந்ததையெல்லாம் லிந்தோய்க்குச் சொன்னான். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். "எனக்குத் தெரியாது அம்மா. தெரிந்திருந்தால் வேறு கதை சொல்லியிருப்பேன்."

"நல்லகாலம் தெரியேல்லை," என்றாள் பவளம். தன் பங்கை மட்டும் அவள் இன்னும் சொல்லவில்லை. குக்கரின் சூடு கம்பளத்தைத் தாண்டித் தொடையில் சுட்டது. நகர்த்தி வைக்காமல் அப்படியே பிடித்துக்கொண்டிருந்தாள்.

வெஸ்டர்வால்ட் மேட்டில் மழை பனியாகிக் கண்ணாடியில் அறைந்தது. முன்சீட்டில் அரியரத்தினத்துக்கு இருப்புக்கொள்ளவில்லை. "பிள்ளை, வேற ராசா இல்லையோ? சண்டை பிடிக்காத அண்ணன் தம்பி ஆரும் இல்லையோ?"

"இருக்கிறார்கள்!" லிந்தோய் முன்னுக்குச் சாய்ந்தாள். "யோய்மொங்பா, தாவோதிங்மாங். எங்கள் ஆறு மண்மூடிக் கிடந்தது. தண்ணீர் ஓட வழியில்லை. இரண்டு பேரும் மண்வெட்டியோடு ஆற்றுக்குள் இறங்கினார்கள். ராசகுமாரர்கள், ஆனால் கூலியாள் வைக்கவில்லை. வெட்டிக்கொண்டே போனார்கள். மரம் குறுக்கே கிடந்தால் ஒருவன் வேரைப் பிடிப்பான், மற்றவன் கிளையைப் பிடிப்பான்."

"எத்தினை நாள்?"

"வருசக்கணக்கில்! வழியில் மனிதரைத் தின்கிற பெரும்பறவை ஒன்று வந்தது என்று அம்மா சொல்லுவாள்..."

"பறவையோ! கார்த்திகன், வலப்பக்கமா ஓடு, லொறிக்காரன் வாறான். நீர் சொல்லும் பிள்ளை, பறவையை ஆர் அடிச்சது?"

லிம்பூர்க் வரும்வரை பறவை சாகவில்லை. மூன்று பேரும் ஒருவர் பேச்சில் ஒருவர் விழுந்து அதைக் கொன்று முடித்தார்கள். பவளம் மட்டும் யன்னலைப் பார்த்தபடி, சொல்லப்போகிற வார்த்தைகளை மனதுக்குள் அடுக்குவதும் கலைப்பதுமாக இருந்தாள்.

நாலு மணிக்குச் சற்று முன்னர் யோகேஷின் வீட்டு வாசலில் நின்றார்கள். மணியை அழுத்தினார்கள். பதிலில்லை. மறுபடி அழுத்தினார்கள். சுவரில் இருந்த ஒலிபெருக்கி கரகரத்தது.

"யா, பிற்ற?" ஆர் என்று ஜெர்மனில் கேட்டது யோகேஷின் குரல்.

 அரியரத்தினம் ஒலிபெருக்கியிடம் குனிந்தார், பிறகு பின்னுக்கு நகர்ந்து இடம் விட்டார். பவளம் முன்னுக்கு வந்தாள்.

"யோகேஷ், அம்மா."

 பிறகு கதவுப் பூட்டு உறுமித் திறந்தது.

இரண்டாம் மாடியில் அவன் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றான். ஒரு காலில் மட்டும் சொக்ஸ். பின்னால் தரையில் பாதி அடுக்கிய சூட்கேஸ் வாய் திறந்து கிடந்தது. முகம் வெளிறியிருந்தது.

"அப்பாக்கு என்ன?" என்றான்.

அந்த ஒரு கேள்வியில் பவளம் அடுக்கி வைத்திருந்த வார்த்தையெல்லாம் சிதறிப்போயிற்று. குக்கரைக் கட்டிப்பிடித்தபடி, மூச்சு வாங்க, படியில் நின்றே சொன்னாள்.

"அப்பாக்கு ஒண்டுமில்லை, பின்னால வாறார். மோனை, அந்தப் பேரை எழுதச் சொன்னது நான். அப்பா உன்ர பேரைத்தான் போடப்போனவர். நான்தான் மாத்தினனான். உனக்குச் சொல்லுறன் எண்டு சொல்லிப்போட்டு, சொல்லாமல் விட்டதும் நான்."

படியேறி வந்த அரியரத்தினம் அங்கேயே நின்றுவிட்டார். கார்த்திகன் சுவரைப் பார்த்தான்.

"ஏனம்மா?" யோகேஷ் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டான். "ஏன் ரெண்டு வருசம் சொல்லேல்லை?"

"பயம்."

"என்ன பயம்?"

"நீ கோவிச்சுக்கொண்டு போயிடுவாய் எண்டு."

"போயிட்டன்தானேயம்மா!"

அவன் சிரித்தானா அழுதானா என்று பவளத்துக்குத் தெரியவில்லை. கையை நீட்டிக் குக்கரை வாங்கினான்; சூடு பட்டுக் கையை உதறினான்; மறுபடி கம்பளத்தோடு சேர்த்து வாங்கினான்.

"கையெழுத்து வைச்சது நான்," என்றார் அரியரத்தினம் பின்னாலிருந்து. "அவ சொன்னவதான். ஆனால் பேனா என்ர கையில இருந்தது. உன்னட்ட ஒரு சொல் கேட்டிருக்கவேணும். அது என்ர பிழை." கைத்தடியை மற்றக் கைக்கு மாற்றினார். "உள்ள வரலாமோ?"

யோகேஷ் கதவை விட்டு விலகி நின்றான். ஒவ்வொருவராக உள்ளே போனார்கள். கார்த்திகன் அண்ணனின் முன்னால் வந்து, என்ன செய்வதென்று தெரியாமல் கையை நீட்டினான். யோகேஷ் அந்தக் கையைப் பிடிக்காமல் அவனுடைய பிடரியைப் பிடித்து ஒரு உலுக்கு உலுக்கினான். "மெசேஜில எழுத்துப்பிழை, கழுதை," என்றான். கார்த்திகனுக்குக் கண் கலங்கிவிட்டது.

அந்த வீட்டில் இரண்டே இரண்டு கோப்பைகள்தான் இருந்தன. மற்றவர்களுக்குக் கோப்பிக் குவளைகளில் கூழ் ஊற்றினாள் பவளம். யோகேஷ் முதல் வாயைக் குடித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான். சூட்கேசைத் தள்ளிவிட்டு எல்லோரும் தரையிலேயே இருந்தார்கள்.

"எங்க பயணம்?" தகப்பன் கேட்டார்.

"நாளைக்கு வியட்நாம். ஒரு மாசம்."

"ஏப்ரல் இருபத்திநாலு?"

யோகேஷ் தம்பியைப் பார்த்தான்; லிந்தோயைப் பார்த்தான். "பதினெட்டாம் தேதி வந்திடுவன்," என்றான்.

"சரி. அது முடிஞ்சுது." அரியரத்தினம் குவளையைக் கீழே வைத்தார். "இப்ப சொல்லு. வேலைக்கெண்டு முதன்முதல் போன ஊர் எது?"

"என்னப்பா, இப்ப எதுக்கு?"

"கேக்கிறன், சொல்லு. என்ன கண்டனீ?"

யோகேஷ் தாயைப் பார்த்தான். அவள் தலையாட்டினாள். லிந்தோய் முழங்காலைக் கட்டிக்கொண்டு நெருங்கி உட்கார்ந்தாள்.

"பிரேசில்," என்று தயங்கித் தொடங்கினான். "ஒரேஞ் ஜூஸ் பக்டரி. சின்ன ஊர். சிவப்பு மண். எங்க பாத்தாலும் ஒரேஞ்சுத் தோட்டம்தான்."

"எவ்வளவு பெருசு?"

"காரில ஒரு மணித்தியாலம் ஓடினாலும் முடியாது. பூக்கிற காலத்தில வாசம் தலையிடிக்கும். காலமை நாங்கள் வேலைக்குப் போகேக்க லொறியள் பழத்தோட வரும். ஒவ்வொரு லொறிக்குப் பின்னாலையும் கறுப்பா ஒரு புகை." அவனுடைய கை தன்னையறியாமல் மேலெழுந்து காற்றில் வளைந்தது. "முதல்நாள் நான் புகை எண்டுதான் நினைச்சனான். கிட்டப் போய்ப் பாத்தால் தேனீ! ஆயிரம், பத்தாயிரம் தேனீ! தோட்டத்தில இருந்து பக்டரி வாசல் வரைக்கும் லொறியை விடாமல் பறந்துகொண்டு வரும்."

"லொறிக்குப் பின்னாலையோ!"

"ஓமப்பா. பன்ரெண்டு கிலோமீற்றர்!"

அரியரத்தினம் வாயைப் பிளந்தபடி பவளத்தின் பக்கம் திரும்பினார். "கேட்டீரே?"

"கேட்டன், கேட்டன்," என்றாள் அவள். "நீங்கள் குறுக்க பேசாதேங்கோ. அவன் சொல்லட்டும்."